பிரதிவாதி கடலில் இருக்கிறார்

ஓய்வு பெற்ற பிறகு எனக்கு வாய்த்த பெரிய சுகம், இன்று என்ன தேதி என்று தெரியாமல் காலையில் கண் விழிப்பது. கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். என் கணவர்கூட, "பேங்க்ல இருந்தவ பேசுற பேச்சா இது?" என்கிறார். வங்கியில் வாராக்கடன் பிரிவில் இருந்தவர்களுக்குத்தான் அந்தச் சுகம் புரியும். எங்களுக்கு ஒவ்வொரு தேதியும் யாரோ ஒருவருடைய கடைசித் தேதி.

போன மாதம் ஓய்வூதியத்துக்கு உயிர்ச்சான்று கொடுக்க விழுப்புரம் கிளைக்குப் போயிருந்தேன். நான் பார்த்த வேலையை இப்போது பார்க்கும் அதிகாரி, கணினித் திரையைத் திருப்பிக் காட்டினார். காலக்கெடு முடியப்போகும் கணக்குகள் எல்லாம் சிவப்பில் மின்னிக்கொண்டிருந்தன. "ஆறு மாசம் முன்னாடியே கத்த ஆரம்பிச்சுடும் மேடம். நீங்கல்லாம் இதை எப்படி ஞாபகம் வெச்சிக்கினு இருந்தீங்க? ஒண்ணாவது கை தவறிப் போயிருக்கா?" என்று கேட்டார். அதற்குள் என் டோக்கனைக் கூப்பிட்டுவிட்டார்கள். அவருக்குச் சொல்ல நினைத்ததை இங்கே எழுதுகிறேன்.

விஷயம் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. வங்கியில் சாதாரணக் கடன் வாங்கியவர் கட்டவில்லை என்றால், வழக்குப் போட வங்கிக்கு மூன்று வருஷம் அவகாசம். அதற்குள் அவர், "ஆமாம், இந்தக் கடன் என் பேரில் பாக்கி இருக்கிறது" என்று எழுத்தில் ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டால், அன்றிலிருந்து புதிதாக மூன்று வருஷம் ஓடத் தொடங்கும். கையெழுத்தும் வாங்காமல், வழக்கும் போடாமல் விட்டால் கோர்ட்டுக் கதவு சாத்திக்கொள்ளும். எதிராளி வாய் திறக்காவிட்டாலும் நீதிபதியே தேதியைப் பார்த்துத் தள்ளுபடி செய்துவிடுவார். அதனால் நேர்மையாகக் கட்டி வந்து, இடையில் தடுமாறியவர்கள் மேல் வழக்குப் போடாமல், கையெழுத்தைப் புதுப்பித்துக்கொண்டே போவோம். அவர்களுக்கும் அது நல்லது.

கண்டாச்சிபுரம் பக்கத்து விவசாயக் குடும்பம் எங்களுடையது. படித்து, பரீட்சை எழுதி, கிளார்க்காகச் சேர்ந்து, அதிகாரியாகி, மூன்று ஊர் சுற்றித் திண்டிவனம் கிளைக்கு வந்தேன். அதையெல்லாம் விரித்தால் எனக்கே தூக்கம் வரும். எனக்குத் தொழில் பிடிபட்டது மாசிலாமணி சாரால்தான். விழுப்புரம் மண்டல அலுவலகத்தில் சட்ட அதிகாரி. மெலிந்த மனிதர். போனை எழுந்து நின்றுதான் பேசுவார். வணக்கம் சொல்லும் முன்பே "தேதி என்னம்மா?" என்று கேட்பார். அவருடைய அறையில் ஒரு தினசரி நாள்காட்டி தொங்கும். எல்லாரும் காலையில் தாளைக் கிழிப்பார்கள். அவர் சாயங்காலம்தான் கிழிப்பார், அன்றைக்கு முடியவேண்டிய வழக்கெல்லாம் கோர்ட்டில் ஏறிவிட்டது என்று தகவல் வந்த பிறகு.

திண்டிவனத்தில் நான் சேர்ந்த புதிதில், மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, பயிரிட்ட ஒருவரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு மாசிலாமணி சார் முன்னால் பெருமையாகப் போய் நின்றேன். எனக்கு முன்னால் இருந்தவர் விட்டுப்போன கணக்கு அது.

"இது எப்ப வாங்கினது?"

"நேத்து சார்."

"காலம் எப்ப முடிஞ்சுது?"

"போன மாசம் சார்."

தாளை மடித்து என்னிடமே கொடுத்தார். "மூச்சு இருக்கிறப்ப வாயில ஊத்தினாத்தாம்மா அது மருந்து" என்றார். திட்டியிருந்தால் மறந்திருப்பேன்.

அதற்குப் பிறகு கையெழுத்துக்காக நான் போகாத இடம் இல்லை. பனமலைப் பக்கத்தில் டிராக்டர் வாங்கிய ஒருவர், என் தலையைக் கண்டால் கரும்புக் கொல்லைக்குள் புகுந்துவிடுவார். கடைசியில் அவருடைய தம்பி கல்யாணத்துக்கு விழுப்புரம் மண்டபத்துக்கே போய்ப் பந்தியில் உட்கார்ந்தேன். பாயச வாளியோடு வரிசையில் வந்தவர் என்னைப் பார்த்ததும் நின்றுவிட்டார்.

"ஐயோ மேடம், இங்கயுமா?"

"சாப்பிடத்தாண்ணா வந்தேன். கையோட ஒரு கையெழுத்து."

மொய் எழுதும் மேசையில் வைத்துப் போட்டுக்கொடுத்தார். மொய் நோட்டுக்காரர் பேனாவைப் பிடித்துக்கொண்டு, "இவங்க பேர்ல எவ்ளோன்னு எழுதட்டும்?" என்று கேட்க, பெண் வீட்டார் உட்பட எல்லாரும் சிரித்துவிட்டார்கள். அந்த டிராக்டர் கடன் பிறகு முழுசாக அடைந்தது.

தேசிங்கு விஷயம் அப்படிச் சிரித்து முடிவதாக இல்லை.

தேசிங்கு மரக்காணத்துக்குத் தெற்கே ஒரு குப்பத்தைச் சேர்ந்தவர். ஃபைபர் படகுக்கு இன்ஜினும் வலையும் வாங்கக் கடன் எடுத்திருந்தார். ஜாமீன் போட்டவர் அவருடைய மச்சான் ஏழுமலை. முதலில் ஒழுங்காகக் கட்டினார். இன்ஜின் பழுதாகித் தொழில் போன ஒரு வருஷம் தடுமாறியது. காலக்கெடு நெருங்குவதற்கு முன்பே நான் இரண்டு முறை போனேன். முதல் முறை கடலுக்குப் போயிருந்தார். அடுத்த முறை கரையில் வலையை விரித்துக் கிழிசல் தைத்துக்கொண்டிருந்தார். அன்று நான் படிவத்தைக் கொண்டுபோகவில்லை. வேறொரு வீட்டுக்கு வந்தவள், வழியில் பார்த்துச் சொல்லிவிட்டு வந்தேன். "கையெழுத்துதானே மேடம், மச்சானையும் கூட்டிக்கினு நானே ஆபீசுக்கு வர்றேன்" என்றார். சொன்னால் செய்கிறவர். ஆனால் அடுத்து மழை பிடித்துக்கொண்டது.

வெள்ளிக்கிழமையோடு கெடு முடிகிறது. புதன்கிழமை காலையில் படிவத்தைப் பையில் வைத்துக்கொண்டு மரக்காணம் பஸ் ஏறினேன். வழியெல்லாம் உப்பளங்கள் ஏரி மாதிரி நிரம்பிக் கிடந்தன. குப்பத்தில் இறங்கியபோது ஒரு வீட்டிலும் ஆள் இல்லை. எல்லாரும் கரையில் நின்றார்கள். கடல் மட்டும்தான் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது.

போன வாரக் கடைசியில் காற்று கொஞ்சம் அடங்கியதை நம்பிப் போன படகு ஒன்று திரும்பவில்லை. தேசிங்குவின் படகு. தேசிங்கு, ஏழுமலை, கூட இன்னொருவர்.

என் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைப் பார்த்து ஒரு பெண் கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஓடிவந்தாள். தேசிங்குவின் மனைவி பச்சையம்மா. அதற்கு முன் நான் அவளைப் பார்த்ததில்லை. என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"ஃபிஷரீஸ் ஆபீஸ்லேர்ந்துதானே வர்றீங்க மேடம்? ஹெலிகாப்டர் அனுப்புறோம்னாங்களே, கெளம்பிடுச்சா?"

என் வேலைக்காலத்தில் பதில் சொல்ல அவ்வளவு கஷ்டப்பட்ட கேள்வி வேறில்லை.

"இல்லம்மா. நான் பேங்க்லேர்ந்து வர்றேன்."

பின்னாலிருந்து ஒரு பெரியவர், "இதுங்களுக்கு நேரங்காலமே இல்லியா?" என்றார். பச்சையம்மா என் கைகளை விட்டாள். ஆனால் போகவில்லை.

"அந்தக் கையெழுத்துக்கா மேடம்? ஜல்தியா போய்ப் போட்டுட்டு வான்னு அன்னிக்கே சொன்னேன். வலை பிஞ்சிக்கினு கெடக்கு, தெச்சிட்டுப் போறேன்னாரு." புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டாள். "குடுங்க, நானே அவரு பேரை எழுதித் தர்றேன். எனக்கு எழுத வரும். இதுக்கோசரம் நாளைக்கி வந்து அவரு உங்ககிட்ட பேச்சு வாங்கக் கூடாது."

நாளைக்கு வந்து என்று சொன்னாள்.

அவள் கணவன் பேரை அவள் போட்டால் அது பொய்க் கையெழுத்து. அவள் பேரை அவளே போட்டால் அது தேசிங்குவைக் கட்டுப்படுத்தாது. நாளைக்கு யாராவது அதை வைத்துக்கொண்டு அவளையே கடன்காரி என்று சொல்ல இடம் உண்டு. அவள் கேட்டது ஒரு பேனா. நான் பையைத் திறக்கவே இல்லை.

"வேணாம்மா. அவரே வந்து போடட்டும்."

"வந்துருவாரா மேடம்?"

"வரட்டும்" என்றேன். அவளோடு மணலில் உட்கார்ந்தேன். உள்ளே போயிருப்பது கணவன் மட்டுமல்ல, ஏழுமலை அவள் கூடப் பிறந்த தம்பி என்று அப்போதுதான் தெரிந்தது. அவளுடைய போன் நம்பரை வாங்கிக்கொண்டு, என் நம்பரையும் கொடுத்தேன்.

மத்தியானம் சவுக்குத் தோப்புப் பக்கம் ஒதுங்கி மாசிலாமணி சாரைக் கூப்பிட்டேன்.

"தேதி என்னம்மா?"

"வெள்ளிக்கிழமை சார்."

"ஆள் எங்க?"

"கடல்ல சார். போட் திரும்பல. ஜாமீன் போட்டவரும் அதே போட்ல."

"அவர் சம்சாரத்துகிட்ட ஏதாவது எழுதி வாங்கினீங்களா?" என்று கேட்டார்.

"இல்ல சார். அவங்களா போடுறேன்னாங்க. வேணாம்னுட்டேன்."

"சரி" என்றார். அந்த ஒரு 'சரி'யில் அவர் மூச்சு விட்டது எனக்குக் கேட்டது. "நாளைக்குக் காலையில திண்டிவனம் வர்றேன். வக்கீல் ஆபீசுக்கு வந்துடுங்க."

மழைக்காலத்தில் நீரோட்டம் தெற்கே இழுக்கும் என்று கரையில் சொன்னார்கள். திரும்பும் பஸ்ஸிலிருந்தே கடலூர், காரைக்கால், நாகப்பட்டினம் பக்கத்துக் கிளைகளில் தெரிந்தவர்களை எல்லாம் போனில் பிடித்து, துறைமுகத்தில் விசாரிக்கச் சொன்னேன். பாவம், அவர்களும் ஆள் அனுப்பினார்கள். ஒரு தகவலும் வரவில்லை.

வக்கீல் ரேணுகாவின் அலுவலகம் திண்டிவனம் கோர்ட்டுக்கு எதிரே, ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேலே. மாசிலாமணி சார் நனைந்த செருப்பை வாசலிலேயே விட்டுவிட்டு வந்து உட்கார்ந்தார். கையெழுத்து வாங்க முடியாது. எனவே வெள்ளிக்கிழமைக்குள் வழக்குப் போட்டாக வேண்டும். யார் மேல் போடுவது என்பதுதான் சிக்கல்.

ரேணுகா நல்ல வக்கீல். அவர் பயந்ததில் நியாயம் இருந்தது. "செத்தவர் மேல போட்ட வழக்கு நிக்காது சார். கடல் இருக்கிற இருப்புக்கு என்ன ஆச்சோ தெரியல. பின்னால சிக்கல் வந்தா மறுபடி போடக் காலமும் இருக்காது. பாதுகாப்பா அந்தம்மாவையும் பிள்ளைங்களையும் வாரிசுன்னு சேர்த்துடலாம். 'காலஞ்சென்ற தேசிங்கு'ன்னு போட்டு..."

"வேணாம்மா" என்றார் மாசிலாமணி சார்.

அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. அன்றும் உயர்த்தவில்லை. ஆனால் ரேணுகா பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"அவர் செத்துட்டார்னு யார் சொன்னது? ஒரு ஆளைப் பத்தி ஏழு வருஷம் யாரும் ஒண்ணும் கேள்விப்படலன்னாத்தான் சட்டம் அவரைச் செத்தவரா நினைக்கும். இன்னிக்குச் சட்டப்படி தேசிங்கு உயிரோட இருக்கார். நாம சட்டத்தை விட அவசரப்படணுமா?"

"நான் வழக்கு நிக்கணுமேன்னு சொல்றேன் சார். தப்பாப் போயிட்டா?"

"தப்பாப் போனா பேங்குக்கு ஒரு இன்ஜின் நஷ்டம். இது என் முடிவுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டு ஃபைல்ல வெச்சிடறேன். அந்த வீட்டுக்குப் போற காகிதத்துல, 'காலஞ்சென்ற'ன்னு முதல்ல எழுதினது நாமளா இருக்கக் கூடாது."

பிறகு அவரே சொல்லச் சொல்ல ரேணுகா தட்டச்சு செய்தார். முதல் பிரதிவாதி, தேசிங்கு. மீன்பிடித் தொழில் செய்து வருபவர். முகவரி வந்ததும் ரேணுகா நிறுத்தி, "'வசித்து வருகிறார்'னே போடட்டா சார்?" என்று கேட்டார். "போடுங்க." இரண்டாம் பிரதிவாதி, ஏழுமலை. அவரும் வசித்து வருகிறார். ரேணுகா ஒரு காற்புள்ளிகூட மாற்றவில்லை. முடித்ததும் எழுந்துபோய் ஜன்னல் பக்கம் நின்றுகொண்டார்.

வங்கியின் சார்பில் கையெழுத்துப் போட வேண்டியவள் நான். மனுவின் கடைசியில் ஒரு வாசகம் வரும். மேலே சொன்னதெல்லாம் எனக்குத் தெரிந்தவரையிலும் நான் நம்புகிறவரையிலும் உண்மை என்று. நூறு மனுக்களில் அதைப் படிக்காமலே கையெழுத்துப் போட்டிருப்பேன். அன்றுதான் 'நம்புகிறவரையிலும்' என்ற சொல்லில் பேனா நின்றது. பிறகு போட்டேன்.

வெள்ளிக்கிழமை கொட்டுகிற மழையில் கோர்ட்டுக்குப் போனோம். தாள்கள் நனையாமல் இருக்க ரேணுகா இரண்டு பிளாஸ்டிக் உறைகளில் சுற்றி எடுத்து வந்தார். மனு, வக்காலத்து, ஆவணங்களின் பட்டியல், கோர்ட்டு ஸ்டாம்பு, சம்மன் அனுப்பும் செலவுக்கான பேட்டா. தாக்கல் பிரிவில் இருந்தவர் பக்கம் பக்கமாகத் திருப்பி எண் போட்டிருக்கிறதா என்று பார்த்தார், ஸ்டாம்புகளைக் கூட்டிப் பார்த்தார், தேதி முத்திரையை மையில் ஒற்றி ஓங்கி ஒரு குத்துக் குத்தினார். வேறு எந்த வழக்காக இருந்தாலும் அந்தச் சத்தம் கேட்டதும் எனக்குப் பசி எடுக்கும். அன்று எடுக்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் மீன் வாங்கவில்லை. மத்தியானம் ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருந்தபோது போன் அடித்தது.

"மேடம்! பேசுறாரு மேடம்! போன்ல பேசினாரு!"

யார் என்று கேட்கத் தேவையில்லை. அழுதுகொண்டே, சிரித்துக்கொண்டே பச்சையம்மா சொன்னதை நான் கோர்த்துக்கொண்டேன். இன்ஜின் நின்றுபோய்ப் படகு தெற்கே இழுபட்டிருக்கிறது. நாகப்பட்டினம் பக்கத்து விசைப்படகு ஒன்று அவர்களைப் பார்த்துக் கயிறு போட்டு இழுத்து வந்திருக்கிறது. அங்கே ஆஸ்பத்திரியில் குளுக்கோஸ் ஏறுகிறது.

"தம்பி?"

"அவனும் மேடம். மூணு பேரும். மூணு பேரும் இருக்காங்க."

சமையலறைத் தரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். தாளிப்பு கருகி வீடெல்லாம் புகை. கணவர் வந்து அடுப்பை அணைத்தார். அங்கேயே உட்கார்ந்தபடி மாசிலாமணி சாரைக் கூப்பிட்டேன். அன்று அவர் தேதி கேட்கவில்லை. "மூணு பேருமா?" என்று இரண்டு தடவை கேட்டார். பிறகு, "நல்லா இருக்கட்டும்" என்று மட்டும் சொல்லிப் போனை வைத்துவிட்டார்.

இதோடு கதை முடிந்துவிடவில்லை. போட்ட வழக்கு போட்டதுதான். அது தன் வழியில் நடந்து, தேசிங்கு உடம்பு தேறி வீட்டுக்கு வந்த சமயத்தில் சம்மனாகப் போய்ச் சேர்ந்தது. மறுநாளே அதைக் கையில் பிடித்துக்கொண்டு கிளைக்கு வந்துவிட்டார். பின்னால் பச்சையம்மா. உதடெல்லாம் தோல் உரிந்து, முகம் கறுத்து, பாதி ஆளாக இருந்தார். குரல் மட்டும் முழுசாக இருந்தது.

"நான் அங்க குடிக்கத் தண்ணி இல்லாம, மழைக்கு வாயத் தொறந்துக்கினு கெடந்தேன் மேடம். அந்த நேரத்துல நீங்க இன்னா பண்ணிக்கினு இருந்தீங்க? எம் மேல கேசு எழுதிக்கினு இருந்தீங்க."

கவுன்ட்டரில் நின்ற எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"ஆமாண்ணா. எழுதிக்கினுதான் இருந்தோம். வெள்ளிக்கிழமையோட கெடு முடிஞ்சுது. கடல்ல மாட்டிக்கினாலும் அது நிக்காது. உட்காருங்க, எல்லாத்தையும் சொல்றேன்."

அவர் உட்காரவில்லை. நின்றபடியே கேட்டார். வக்கீல் அலுவலகத்தில் நடந்தது முழுவதையும் சொன்னேன். 'காலஞ்சென்ற' என்று எழுதலாம் என்ற பேச்சு வந்ததையும், அதை ஏன் எழுதவில்லை என்பதையும் மறைக்காமல் சொன்னேன். நான் சொல்லிக்கொண்டிருக்கும்போதே பச்சையம்மா சம்மனோடு வந்திருந்த மனு நகலை அவர் கையிலிருந்து வாங்கி, எழுத்துக்கூட்டி வாசிக்க ஆரம்பித்தாள். மீன்பிடித் தொழில் செய்து வருபவர். வசித்து வருகிறார். விரலை அங்கேயே வைத்துக்கொண்டாள்.

"அந்த வெள்ளிக்கிழம நம்ம ஊர்ல அத்தினி பேரும் உன்ன முடிச்சிட்டாங்கய்யா. பந்தல் போடலாமான்னு எங்கிட்டயே வந்து கேட்டாங்க. இதுல பாரு, நீ தொழில் செஞ்சிக்கினு வர்றியாம். என் தம்பியும் வீட்லதான் கீறானாம்."

தேசிங்கு அந்த வரியைப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார்.

"இருந்தாலும் கேசு கேசுதானே மேடம்? ஒரே பேஜாரா கீது."

"கேசுதாண்ணா. முடிச்சிடலாம்."

அடுத்து வந்த லோக் அதாலத்தில் சமரசத்துக்கு வைத்தோம். வட்டியில் பெரும்பகுதியை வங்கி விட்டுக்கொடுத்தது. மீன்பிடித் தடைக்காலத்தில் தவணை கேட்பதில்லை என்று எழுதினோம். அந்த நாளில் மாசிலாமணி சார் விழுப்புரத்திலிருந்து வர வேண்டிய அவசியமே இல்லை. காலை பஸ்ஸில் வந்து, திண்டிவனம் கோர்ட்டு ஹாலின் கடைசி பெஞ்சில் பச்சையம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அவர் யார் என்று அவளுக்கு நான் சொன்னேன். அவள் எழுந்து கும்பிட்டாள். அவர் கூச்சப்பட்டுக்கொண்டு, "உட்காரும்மா, கூப்பிடப் போறாங்க" என்றார்.

கோர்ட்டில் கட்சிக்காரர் பேரை மூன்று முறை கூப்பிடுவது வழக்கம். வாசலில் நின்ற பணியாளர் வராண்டாப் பக்கம் திரும்பி, "தேசிங்கு!" என்று குரல் கொடுத்தார். அவருக்குப் பின்னாலேயே நின்றிருந்த தேசிங்கு, "இருக்கேங்க" என்றார். வராண்டா இரைச்சலில் அது அந்த மனிதருக்குக் கேட்கவில்லை. "தேசிங்கு!" என்றார் மறுபடியும். "இருக்கேங்கய்யா!" மூன்றாவது தடவை கூப்பிட்டபோது, படகிலிருந்து கரைக்குக் கத்துவதுபோலக் கத்தினார். "ஐயா, இருக்கேன்!"

ஹாலே சிரித்தது. நீதிபதி முகத்திலும் சிரிப்பு தெரிந்தது. மாசிலாமணி சார் கண்ணாடியைக் கழற்றி நெடுநேரம் துடைத்துக்கொண்டிருந்தார்.

பச்சையம்மா மட்டும் சிரிக்கவில்லை. என் முழங்கையைப் பிடித்து இழுத்துக் காதோடு சொன்னாள்: "இன்னொரு தபா கூப்புடச் சொல்லுங்க மேடம்."